ரோசலீயா என்ற இத்தாலியப் பெயருக்கு என்ன அர்த்தம்? பெண் பிள்ளைக்கு வைக்கலாமா? சுருக்கிக் கூப்பிடலாமா?

நீங்கள் கேள்வியில எழுதாததையும் நானே சொல்லிப்போடுறன். பேரை ஏற்கனவே முடிவெடுத்தாச்சு, மாமியாருக்குச் சொல்ல ஒரு அர்த்தம் வேணும். சரியோ? நானும் அப்பிடித் தேடினனான்தான். நாங்கள் இத்தாலியில, சிசிலித் தீவிலயுள்ள பலெர்மோ நகரத்தில இருக்கிறம். மகளுக்கு இப்ப ஒன்பது வயசு, பேர் ரோசலீயா.

ரோசாவும் லில்லியும் சேர்ந்த பேர் எண்டு இங்க எல்லாரும் சொல்லுவினம். ரோமர் காலத்தில கல்லறையளுக்கு ரோசாப்பூ வைக்கிற திருநாளின்ர பேரும் இதுதான், அதிலயிருந்து வந்தது எண்டும் சொல்லுறவை இருக்கினம். மாமியாருக்கு முதலாவதை மட்டும் சொல்லுங்கோ. கல்லறைக் கதை வேண்டாம். சொல்லேக்க ‘லீ’யை அழுத்திச் சொல்ல வேணும்.

ஆனா இந்த ஊரில அர்த்தம் பாத்து ஆரும் இந்தப் பேர் வைக்கிறேல்ல. சாந்தா ரோசலீயா பலெர்மோவின்ர காவல் புனிதை. 12ஆம் நூற்றாண்டில வீட்டை விட்டுட்டுக் குகையில தனிய தவமிருந்த பெட்டை. 1624இல ஊரில பிளேக் பரவி சனம் செத்துக்கொண்டிருக்கேக்க, மொந்தே பெல்லெக்ரீனோ மலைக் குகையில அவவின்ர எலும்புகளைக் கண்டெடுத்து, அடுத்த வருஷம் ஊர்வலமாக் கொண்டு போகத்தான் நோய் நிண்டதாம். அது ஆட்டெலும்பு எண்டு ஒரு ஆங்கிலேய நிலவியலாளர் சொன்னதா ஒரு கதை இருக்கு. ஆராவது அதை இங்க எழுத முதல் நானே எழுதிட்டன். எனக்கு எலும்பு பிரச்சினையில்லை.

83 கலவரத்துக்குப் பிறகு இலங்கையிலயிருந்து இங்க வந்த எங்கட சனம், சைவக்காரரும்தான், ஞாயிற்றுக்கிழமையளில அந்த மலைக்குப் போறது. கோயில் எண்டால் குகைதான். கூரையால தண்ணி சொட்டிக்கொண்டே இருக்கும். அதைப் பிடிக்கிறதுக்குத் தலைக்கு மேல குறுக்கும் நெடுக்குமாத் தகரப் பீலி ஓடுது. கண்ணாடிக்குப் பின்னால பொன் உடுப்போட ஒரு பொம்பிளைப் பிள்ளையின்ர சிலை படுத்திருக்கு. முதல் பிள்ளை எனக்கு அஞ்சாம் மாசத்தில தங்காமப் போனது. அடுத்ததுக்கு அஞ்சாம் மாசம் வரேக்க செப்டெம்பர் 4, அவவின்ர நாள். சனம் ராவிரவாப் பழைய கல்லுப் பாதையால ஏறும். நானும் செருப்பில்லாம ஏறினன். கால்வாசித் தூரத்தில இவர் சண்டை பிடிச்சு இறக்கிக் காரில கொண்டுபோனவர். நேர்த்தி நேர்த்திதானே. பொம்பிளைப் பிள்ளையெண்டால் உன்ர பேர் எண்டு சொல்லிட்டு வந்தன். நல்லூர் முருகனுக்கும் ஒண்டு வச்சனான், அதையும் தீர்த்தாச்சு. மதம் மாறேல்ல. 31ஆம் நாள் துடக்குக் கழிச்சுத்தான் பேர் வச்சது.

யாழ்ப்பாணத்திலயிருந்து மாமி ஃபோனில, “வேதக்காரப் பேர் ஏன் பிள்ளை?” எண்டா. அதுகூடப் பரவாயில்லை. மச்சான், “ரோசமில்லையா எண்டு கேக்கிற மாதிரியெல்லோ இருக்கு!” எண்டு சிரிச்சார். எனக்கு ரோசம் இருந்தபடியால மூண்டு மாசம் அந்த வீட்டு ஃபோன் எடுக்கேல்ல. இப்பவும் வீடியோவில வந்தால், “ரோசமில்லையா என்ன செய்யுறா?” எண்டுதான் கேக்கிறார். மகளுக்குப் பகிடி விளங்காது, கையைக் காட்டுவாள்.

இங்கத்தச் சனமாவது சந்தோஷப்படும் எண்டு நினைச்சன். நான் பராமரிக்கிற சிஞ்ஞோராவுக்கு, இத்தாலிக்கார அம்மாவுக்கு, 86 வயசு. பேரைக் கேட்டிட்டு, “பாவம் பிள்ளை, அது என்ர பெரியம்மாவின்ர பேர்! சோஃபியா, அவுரோரா எண்டு ஏதும் வச்சிருக்கலாமே” எண்டா. சிசிலி முறைப்படி முதல் பொம்பிளைப் பிள்ளைக்குத் தகப்பனின்ர தாயின்ர பேர்தான் வைக்க வேணுமாம். இதை நான் மாமிக்கு இண்டுவரைக்கும் சொல்லேல்ல. நீங்களும் சொல்லிப்போடாதேங்கோ. ஆகவே கேட்டுக்கொள்ளுங்கோ, பேர் வடிவுதான், ஆனா இங்க அது அம்மம்மாக்களின்ர பேர். மகளின்ர வகுப்பில வேற ரோசலீயா இல்லை.

பேரைப் பற்றிக் கவலைப்படுறதை விட, பத்திரத்தில எது பேர், எது குடும்பப் பேர் எண்டு முதலே தெளிவா எழுதுங்கோ. எங்களுக்குக் குடும்பப் பேரே இல்லையெண்டு ஒரு அலுவலகத்தில சொல்லிச் சொல்லிக் களைச்சன். மாமாவின்ர பேரைத் தூக்கிக் குடும்பப் பேராப் போட்டாங்கள். ஆசுப்பத்திரியில இவரின்ர தகப்பனின்ர பேரைச் சொல்லிக் கூப்பிடுறாங்கள், இவர் ஆரையோ எண்டு பேசாம இருக்கிறார். அப்பிடி முறை தவறி ஒருக்கா ரெண்டு மணித்தியாலம் காய்ச்சலோட பிள்ளையை வச்சுக்கொண்டு இருந்தம். கேட்டால், “எழும்பி வந்திருக்கலாமே!” எண்டு எங்களுக்குத்தான் பேச்சு.

சுருக்கிக் கூப்பிடலாமோ எண்டும் கேட்டிருந்தீங்கள். லியா எண்டும் ரோசி எண்டும் இங்க கூப்பிடுவினம். இவ்வளவு சண்டை பிடிச்சு வச்சும், வீட்டில நாங்கள் கூப்பிடுறது “பிள்ளை” எண்டுதான்.