அட்டைக்குப் பணம் கொடுக்காதீர்கள், பிறப்புச் சான்றிதழைத் தேடுங்கள்

கேள்வி: ஐயா, வணக்கம். நான் 1990-இல் இலங்கை மன்னாரிலிருந்து படகில் வந்து, மண்டபம் அகதிகள் முகாமில் இருந்துகொண்டு பெயிண்ட் அடிக்கும் வேலை செய்கிறேன். என் மனைவி 1984 பிப்ரவரியில் இதே முகாமில் பிறந்தவள். சிறுமியாக இருந்தபோது பெற்றோருடன் ஊர் திரும்பி, 1990-இல் மறுபடியும் வந்தவள். மகள் 2004 ஆகஸ்டில் இராமநாதபுரத்தில் பிறந்தாள். பி.காம். முடித்து, கணக்கு மென்பொருளான டேலியும் படித்திருக்கிறாள். ஒரு நிறுவனத்தில் நேர்காணலில் தேர்வான பிறகு, முகாம் அட்டையைப் பார்த்ததும் வாக்காளர் அட்டை கொண்டுவரச் சொல்லித் திருப்பி அனுப்பிவிட்டார்கள். தெரிந்தவர் ஒருவர் 45,000 ரூபாய் கொடுத்தால் வாக்காளர் அட்டையும் பிறகு பாஸ்போர்ட்டும் எடுத்துத் தருவதாகச் சொல்லி, மகளின் அசல் சான்றிதழ்களை வாங்கிப் போயிருக்கிறார். முன்பணம் கொடுக்கலாமா? இளையவன் 2007-இல் பிறந்தவன். அவனுக்கும் சேர்த்துச் செய்து தருவாராம்.

பதில்: ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள். இன்று மாலையே அவரிடம் போய் அசல் சான்றிதழ்களைத் திரும்ப வாங்குங்கள். இழுத்தடித்தால் காவல் நிலையத்தில் எழுத்து மூலம் புகார் கொடுத்து மனு ரசீது பெறுங்கள். பட்டச் சான்றிதழைப் பிடித்து வைத்துக்கொண்டு பணத்தைக் கறப்பது இந்தத் தரகர்களின் பழைய வழக்கம். இனி யார் கேட்டாலும் நகல் மட்டும் கொடுங்கள். வேலை கொடுக்கும் முதலாளி கேட்டாலும் அசலைக் காட்டிவிட்டுக் கையோடு வாங்கி வந்துவிட வேண்டும்.

இராமநாதபுரம் நீதிமன்றத்தில் இருபது ஆண்டுகளுக்கு மேலாக வழக்கு நடத்துகிறேன். முகாம் பிள்ளைகளின் வாழ்க்கையைக் கெடுத்த காகிதம் எது என்று கேட்டால், போலியாக எடுத்த வாக்காளர் அட்டையைத்தான் சொல்வேன். ஒரு பையன் அப்படியொரு அட்டையை என் மேசையில் வைத்தான். புகைப்படம் அவனுடையது. தந்தை பெயர் யாரோ ஒருவருடையது. முகவரி அவன் வாசல்படிகூட மிதிக்காத உச்சிப்புளி வீடு. பிளாஸ்டிக் உறையின் ஓரம்கூட மழுங்கவில்லை, அதற்குள் காவல் துறை விசாரணை வந்துவிட்டது. தரகருக்குக் கொடுத்தது, ஒன்பது மாதம் சுண்ணாம்பிலும் பெயிண்டிலும் நின்று அவன் தகப்பன் சேர்த்த பணம். தரகரின் கைப்பேசி அன்றே அணைந்துபோனது.

பொய்யான உறுதிமொழி கொடுத்து வாக்காளர் பட்டியலில் பெயர் சேர்த்தால் ஓராண்டு வரை சிறை. போலியாகப் பெற்ற பாஸ்போர்ட்டை வைத்துக்கொண்டு இந்நாட்டில் தங்கினாலோ வெளியேறினாலோ, 2025-ஆம் ஆண்டின் குடியேற்றம் மற்றும் வெளிநாட்டினர் சட்டப்படி 2 முதல் 7 ஆண்டு வரை சிறை, 1 இலட்சம் முதல் 10 இலட்சம் வரை அபராதம். கூண்டில் நிற்கப்போவது உங்கள் மகள். அதைவிடப் பெரிய இழப்பு ஒன்று உண்டு. அவளுக்கு உண்மையாகவே ஓர் உரிமை இருக்கிறது என்று நான் நினைக்கிறேன். போலி அட்டை அந்த உரிமையின் மேல் கரி பூசிவிடும்.

உங்கள் கடிதத்தில் நீங்கள் போகிற போக்கில் எழுதிய இரண்டு தேதிகளில்தான் விஷயமே இருக்கிறது. மனைவி பிறந்தது 1984 பிப்ரவரி. மகள் பிறந்தது 2004 ஆகஸ்டு.

இந்தியக் குடியுரிமைச் சட்டம் பிறப்பை மூன்று காலமாகப் பிரித்துப் பார்க்கிறது. 1950 ஜனவரி 26 முதல் 1987 ஜூன் 30 வரை இந்த மண்ணில் பிறந்தவர், பெற்றோர் எந்த நாட்டவரானாலும் பிறப்பாலேயே இந்தியக் குடிமகன். 1987 ஜூலை 1 முதல் 2004 டிசம்பர் 2 வரை பிறந்தவருக்குத் தாய், தந்தை இருவரில் ஒருவர் இந்தியக் குடிமகனாக இருந்தால் போதும். 2004 டிசம்பர் 3 முதல் பிறந்தவருக்கு இருவருமே இந்தியராக இருக்க வேண்டும். அல்லது ஒருவர் இந்தியராகவும், மற்றவர் சட்டவிரோதமாகக் குடியேறியவர் என்ற வகையில் வராதவராகவும் இருக்க வேண்டும்.

இப்போது கணக்குப் பாருங்கள். உங்கள் மனைவி மண்டபத்தில் 1984-இல் பிறந்தார். எனவே அவர் பிறப்பால் இந்தியர். மகள் பிறந்தபோது தாய் இந்தியர். எனவே மகளும் பிறப்பால் இந்தியர். இன்னும் நான்கு மாதம் கழித்துப் பிறந்திருந்தால் இதை இவ்வளவு தெளிவாகச் சொல்லியிருக்க மாட்டேன்.

முகாம் பதிவேட்டில் 'இலங்கை அகதி' என்று எழுதியிருக்கிறதே என்று கேட்பீர்கள். 1983 கலவரத்துக்குப் பிறகு கடல் தாண்டி வந்த குடும்பத்தை மொத்தமாக ஒரே வரியில் பதிந்தார்கள். இங்கே பிறந்த குழந்தையையும் அதே வரியில் சேர்த்தார்கள். எழுத்தரின் பேனாவால் சட்டம் கொடுத்த குடியுரிமை அழிந்துவிடாது. குழந்தைப் பருவத்தில் பெற்றோர் கையைப் பிடித்துக்கொண்டு ஊர் திரும்பியதாலும் அழியாது. வளர்ந்த பிறகு தானாக விரும்பி இலங்கைக் குடியுரிமையோ பாஸ்போர்ட்டோ வாங்கியிருந்தால்தான் சிக்கல். உங்கள் மனைவி ஆறு வயதில் இங்கே திரும்பி வந்துவிட்டார்.

இது என் சொந்த வாதம் மட்டுமல்ல. 1986-இல் இதே மண்டபம் முகாமில் பிறந்த ஒரு பெண்ணுக்கு இந்தியப் பாஸ்போர்ட் வழங்கும்படி சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை 2022-இல் உத்தரவிட்டது. அவர் 2024 மக்களவைத் தேர்தலில் வாக்களித்தார். ஒருவர் நீதிமன்றம் ஏறி வென்ற பிறகு, அதே நிலையில் இருக்கும் மற்றவர்களை அரசே தேடிச் சென்று சான்றிதழ் கொடுத்திருக்க வேண்டும். பதிவேடுகள் அவர்களிடம்தானே இருக்கின்றன? அப்படியிருந்தும் ஒவ்வொரு பெண்ணும் தனித்தனியாக வழக்குப் போட்டு, தான் பிறந்த ஊரில் பிறந்ததாக நிரூபிக்க வேண்டியிருக்கிறது. எனக்கு இதில் பொறுமை இல்லை.

ஆகவே முதல் வேலை மனைவியின் பிறப்புச் சான்றிதழ். பிறந்த இடத்துக்குரிய பிறப்பு இறப்புப் பதிவாளரிடம் 1984-ஆம் ஆண்டுப் பதிவேட்டில் தேடச் சொல்லுங்கள். அவர் பெயரைச் சொன்னால் கிடைக்காது. அக்காலத்தில் பெயர் வைக்கும் முன்பே 'பெண் குழந்தை' என்று மட்டும் பதிந்துவிடுவார்கள். பெயர்க் கட்டம் காலியாக இருக்கும். உங்கள் மாமனார், மாமியார் பெயரைக் கொண்டு தேட வேண்டும். அந்தப் பெயர்களும் கேட்டபடி எழுதப்பட்டிருக்கும். ஓர் எழுத்து முன்பின் இருக்கலாம். 'இல்லை' என்று சொன்னால் பிப்ரவரியோடு நிறுத்தாமல் ஜூன் வரை பார்க்கச் சொல்லுங்கள். பிறகும் கிடைக்காவிட்டால் 'பதிவு இல்லை' என்று எழுதி வாங்கிக்கொண்டு, காலம் கடந்த பதிவுக்குக் கோட்டாட்சியர் அலுவலகத்தில் மனுக் கொடுங்கள். முகாமின் பழைய குடும்பப் பதிவு, பள்ளி மாற்றுச் சான்றிதழ், அன்று பிரசவம் பார்த்தவர்கள் யாராவது இருந்தால் அவர்களின் வாக்குமூலம் எல்லாம் உதவும்.

சான்றிதழ் கையில் வந்ததும், முதலில் மனைவிக்கும் அடுத்து மகளுக்கும் உண்மை விவரங்களோடு பாஸ்போர்ட்டுக்கு விண்ணப்பியுங்கள். மறுத்தால் அந்த மறுப்புக் கடிதம்தான் மதுரைக் கிளைக்குப் போகும் வழி. வக்கீல் கட்டணத்துக்கு எங்கே போவது என்று கவலைப்பட வேண்டாம். பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு இலவசமாக வக்கீல் கொடுக்கும். நீதிமன்ற வளாகத்தில்தான் அலுவலகம். 15100 என்ற எண்ணிலும் பேசலாம். கட்டணம் கேட்டுக்கொண்டு வளாக வாசலில் நிற்பவர்களிடம் பேச்சே வைத்துக்கொள்ளாதீர்கள்.

இது முடிய மாதங்கள் ஆகும். அதுவரை மகள் வீட்டில் உட்கார்ந்திருக்க வேண்டுமா? வேண்டாம். தனியார் வேலைக்கு வாக்காளர் அட்டை கட்டாயம் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. முகாம் அடையாள அட்டை, ஆதார், பான், வங்கிப் புத்தகம் ஆகியவற்றோடு, மகள் பதிவு பெற்ற முகாம்வாசி என்று முகாம் தனித்துணை ஆட்சியரிடம் ஒரு கடிதம் வாங்கி இணைத்துக் கொடுங்கள். பல நிறுவனங்கள் வம்பு எதற்கு என்று பயந்துதான் மறுக்கின்றன. அரசு முத்திரையுள்ள ஒரு தாள் அந்தப் பயத்தைப் பாதி குறைக்கும். பெரிய நிறுவனம் மசியாவிட்டால் இராமநாதபுரத்தில் உள்ள தணிக்கையாளர் அலுவலகங்களைக் கேளுங்கள். ஜி.எஸ்.டி. கணக்குக்கு டேலி தெரிந்த ஆள் அவர்களுக்குத் தேவை. வெளியூரில் தங்கி வேலை என்றால் முகாமில் எழுதி அனுமதி வாங்காமல் போகக் கூடாது. கணக்கெடுப்பில் ஆள் இல்லையென்றால் உதவித்தொகை நின்றுவிடும். சம்பளம் வங்கிக் கணக்கில் வர வேண்டும், நியமனக் கடிதம் கையில் இருக்க வேண்டும். ஆள் பிடித்துக் கொடுத்ததற்காக மாதா மாதம் சம்பளத்தில் வெட்டு எடுப்பவரை நடுவில் விடாதீர்கள்.

அரசு வேலை குடியுரிமைத் தாளுக்குப் பிறகு. இப்போது தேர்வுக் கட்டணம் கட்ட வேண்டாம்.

உங்களைப் பற்றி ஒரு வார்த்தை. 2025 செப்டம்பரில் மத்திய அரசு போட்ட உத்தரவு, 2015 ஜனவரி 9-க்குள் வந்து பதிவு செய்துகொண்ட இலங்கைத் தமிழர்களை, பாஸ்போர்ட், விசா இல்லாததற்கான தண்டனையிலிருந்து விலக்கியிருக்கிறது. அவ்வளவுதான். அது குடியுரிமை தரவில்லை. 'புதுச் சட்டம் வந்துவிட்டது, உங்களுக்கும் வாங்கித் தருகிறேன்' என்று யாராவது வந்தால் வாசலோடு அனுப்பிவிடுங்கள்.

2007-இல் பிறந்த இளையவன் மூன்றாவது காலத்தில் வருகிறான். தாய் இந்தியராக இருந்தும், தகப்பன் படகில் வந்ததைக் காட்டி அவனை மறுப்பார்கள். குண்டுமழைக்குத் தப்பி வந்தவரைச் சட்டவிரோதமாகக் குடியேறியவர் என்று எழுதி, அதைப் பிள்ளையின் தலையில் கட்டுவது என்ன நியாயம்? ஆனாலும் அவன் மனுவை மகளின் மனுவோடு சேர்க்காதீர்கள். சேர்த்தால் அவளுடையதும் தேங்கிவிடும். மனைவியின் சான்றிதழ் கிடைத்ததும் அதன் நகலோடு அவனுக்கென்று தனியாக எனக்கு எழுதுங்கள்.