புனைகதை, அரசியல், இசை மூன்றிலும் எழுதிய பத்திரிகையாளர் யார்? அவருடைய எந்தப் புத்தகத்தில் தொடங்கலாம்?

நான் தயங்காமல் சொல்லும் பெயர் ஜோ கிளைன். அமெரிக்கர். ரோலிங் ஸ்டோன், நியூஸ்வீக், டைம் போன்ற பத்திரிகைகளில் எழுதியவர். பலரும் 'பிரைமரி கலர்ஸ்' நாவலைத்தான் முதலில் எடுப்பார்கள். நீங்கள் 1980இல் வந்த 'வூடி கத்ரி: எ லைஃப்' என்ற வாழ்க்கை வரலாற்றில் தொடங்குங்கள்.

நாட்டுப்புறப் பாடகர் கத்ரி 1912இல் ஓக்லஹோமாவில் பிறந்தவர். 'இந்தக் கருவி பாசிஸ்டுகளைக் கொல்லும்' என்று கிதாரில் எழுதி வைத்திருந்தவர் என்ற அளவில்தான் எனக்கு அவரைத் தெரியும். புத்தகத்தைத் திறந்தால், அந்தக் குடும்பத்தை நெருப்பு விடாமல் துரத்துகிறது. 1919இல் அக்கா கிளாரா தீக்காயத்தில் இறக்கிறாள். 1927இல் அப்பா பலமாகத் தீக்காயம் படுகிறார், அம்மாவை மனநல மருத்துவமனையில் சேர்க்கிறார்கள். அம்மாவுக்கு இருந்தது ஹண்டிங்டன் என்ற பரம்பரை நோய். 1947இல் கத்ரியின் நாலு வயது மகளும் தீவிபத்தில் போய்விடுகிறாள். அம்மாவின் நோய் அவருக்கும் வந்து, கடைசியில் பேச்சே நின்று, கண் சிமிட்டித்தான் பதில் சொல்ல முடிகிறது. 1967இல் இறந்தார். அந்தப் பக்கங்களோடு புத்தகத்தை மூடிவைத்தவன், மறுநாள்தான் மறுபடி எடுத்தேன்.

'திஸ் லேண்ட் இஸ் யுவர் லேண்ட்' பாட்டை அவர் 1940இல் எழுதினார். வானொலியில் ஓயாமல் ஒலித்த 'காட் பிளெஸ் அமெரிக்கா' என்ற தேசபக்திப் பாட்டின் மேல் வந்த எரிச்சல்தான் காரணம். 'தனியார் சொத்து' என்ற பலகையைப் பற்றிய சரணத்தைப் பள்ளிகளில் பாடும்போது விட்டுவிட்டார்கள். 1980 டிசம்பரில் ராக் பாடகர் புரூஸ் ஸ்பிரிங்ஸ்டீன் மேடையில் கிளைனின் புத்தகத்தைப் பெயர் சொல்லிக் குறிப்பிட்டுவிட்டு அந்தப் பாட்டைப் பாடினார். எழுதியவனுக்கு இதைவிட என்ன வேண்டும்!

அப்புறம் 'பிரைமரி கலர்ஸ்' நாவல். பில் கிளின்டனின் 1992 அதிபர் தேர்தல் பிரசாரத்தை அடிப்படையாகக் கொண்டது. வேட்பாளர் ஸ்டான்டன் கைகுலுக்குவதில்தான் கதை தொடங்குகிறது. வலது கை குலுக்கும்போது இடது கை எங்கே போகிறது, முழங்கைக்கா, தோளுக்கா என்று கதைசொல்லி ஹென்றி உற்றுப் பார்க்கிறான். பிறகு, எழுதப் படிக்கத் தெரியாத பெரியவர்களின் வகுப்பில் ஸ்டான்டன் அழுகிறார். அந்த அழுகை நிஜமா, வித்தையா? இரண்டும்தான் என்று எனக்குப் படுகிறது. கூட்டத்தின் முன் ஒலிக்கும் குரலை எவ்வளவு நம்பலாம் என்பதுதான் கிளைனின் எல்லாப் புத்தகங்களிலும் ஓடும் கேள்வி.

ஆனால் அதே கேள்வி அவரையும் கேட்டது. 1996 ஜனவரியில் நாவல் ஆசிரியர் பெயரில்லாமல் வந்தது. டொனால்ட் ஃபாஸ்டர் என்ற இலக்கியப் பேராசிரியர் நடையை ஒப்பிட்டுக் கிளைன்தான் என்றார். கிளைன் மறுத்தார், தன் பத்திரிகை நேர்மையையே பணயம் வைத்து மறுத்தார். ஜூலையில் வாஷிங்டன் போஸ்ட், கைப்பிரதியில் கையால் எழுதியிருந்த குறிப்புகள் அவருடையவையே என்று எழுதியதும் ஒப்புக்கொண்டார். பெயரை மறைத்தது சரி, நாவலாசிரியருக்கு அந்த உரிமை உண்டு. சக பத்திரிகையாளர்களிடம் பொய் சொன்னதை என்னால் இன்றுவரை ஏற்க முடியவில்லை.

2006இல் வந்த 'பாலிடிக்ஸ் லாஸ்ட்'டை மூன்றாவதாகப் படியுங்கள். கருத்துக்கணிப்புக்காரர்களும் ஆலோசகர்களும் தலைவர்களின் பேச்சை எப்படி உப்புச் சப்பில்லாமல் ஆக்கினார்கள் என்பதே விஷயம். சில இடங்களில் சொன்னதையே சொல்கிறார். தொடக்கத்துக்காகவே வாங்கலாம்: 1968 ஏப்ரல் 4, இண்டியானாபொலிஸ். மார்ட்டின் லூதர் கிங் சுடப்பட்டு இறந்த செய்தியைக் கேள்விப்படாத கறுப்பின மக்கள் கூட்டத்திடம், அதிபர் தேர்தல் பிரசாரத்தில் இருந்த ராபர்ட் கென்னடி அதைச் சொல்ல வேண்டும். எழுதித் தந்த உரை கிடையாது. ஒரு லாரி மேல் ஏறி நிற்கிறார், தன் அண்ணன் ஜான் கென்னடியும் கொல்லப்பட்டதைச் சொல்கிறார், எஸ்கிலஸ் என்ற கிரேக்கக் கவியின் வரிகளை நினைவிலிருந்து எடுத்துப் பேசுகிறார். அன்றிரவு பல நகரங்கள் எரிந்தபோது அந்த நகரம் அமைதியாக இருந்தது.