பவர் வாங்கியவர் வழக்கைச் சமரசமாக முடிக்கலாமா?

மன்னார்குடி வாசகர்: ஐயா, பாகப்பிரிவினை வழக்கில் சிங்கப்பூரில் இருக்கும் எங்கள் அக்காவுக்காக நான் பவர் (அவர் சார்பில் செயல்பட எழுதிக் கொடுத்த அதிகாரப் பத்திரம்) வைத்திருக்கிறேன். எதிர்த்தரப்பான சித்தப்பா இப்போது இறங்கி வந்திருக்கிறார். குறுவை நடவுக்கு முன் முடித்துவிட ஆசை. அக்கா வராமல் நானே கையெழுத்திடலாமா?

பதில்: இடலாம். ஆனால் பவர் பத்திரத்தை இன்றே எடுத்து வரிவரியாகப் படியுங்கள். 'வழக்கு நடத்த, வக்கீல் வைக்க' என்று மட்டும் இருந்தால் போதாது. 'சமரசம் செய்துகொள்ள' என்று தெளிவாக இருக்க வேண்டும். எழுதாத அதிகாரத்தை நீதிமன்றம் சேர்த்துப் படிக்காது. உரிமையியல் நடைமுறைச் சட்டம் 23ஆம் கட்டளை 3ஆம் விதி, 1976 திருத்தத்துக்குப் பிறகு, சமரசம் எழுத்தில் இருக்க வேண்டும், தரப்பினர் கையெழுத்திட வேண்டும் என்கிறது. அந்தக் கையெழுத்தை முறையான அதிகாரம் பெற்றவரும் இடலாம் என்று 1991இல் பைராம் பெஸ்தோன்ஜி கரிவாலா வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது.

செல்லும் என்பதற்காக அவசரப்படாதீர்கள். எந்தச் சர்வே எண் யாருக்கு, எத்தனை சென்ட், எந்த மடையிலிருந்து தண்ணீர், அறுவடை இயந்திரம் எந்த வழியாகப் போகும் என்பதையெல்லாம் எழுதி, வரைவை அக்காவுக்கு அனுப்பி எழுத்தில் சம்மதம் வாங்குங்கள். வாய்க்கால் ஓரத்து வயலையும் தண்ணீர் ஏறாத மேட்டையும் ஒன்றாக மதித்துப் பங்கு போட்டதால், உடன்பிறந்தவர்களே ஒருவர் வீட்டு விசேஷத்துக்கு ஒருவர் போகாமல் நின்றுபோனதை நான் பார்த்திருக்கிறேன். வேதனையாக இருக்கும்.

திருவாரூர் வாசகி: ஐயா, பவர் வாங்கிய உறவினர் என்னைக் கேட்காமலே சமரசத்தில் கையெழுத்திட்டுத் தீர்ப்பும் வாங்கிவிட்டார். தனி வழக்குப் போடலாமா?

பதில்: முடியாதம்மா. 23ஆம் கட்டளை 3அ விதி அதைத் தடுக்கிறது. அந்தச் சமரசம் சட்டப்படியானதல்ல என்று, தீர்ப்பு வழங்கிய அதே நீதிமன்றத்தில் மனுப் போடுங்கள். பவரை உடனே ரத்து செய்து, அவருக்கும் எதிர்த்தரப்புக்கும் எழுத்தில் தெரிவியுங்கள். ஒரு நாளும் தள்ளிப்போடாதீர்கள்.

பட்டுக்கோட்டை வாசகர்: பேச்சு முடிந்து, கையெழுத்துக்கு முன் அப்பா காலமாகிவிட்டார். அவர் கொடுத்த பவரில் நான் கையெழுத்திடலாமா?

பதில்: கூடாது தம்பி. அவரோடு பவரும் முடிந்துவிட்டது. 90 நாட்களுக்குள் வாரிசுகள் எல்லோரையும் வழக்கில் சேர்க்க மனுப் போடுங்கள். பிறகு அவர்கள் அனைவரும் ஒப்பினால் அதே பேச்சைத் தொடரலாம்.

கும்பகோணம் வாசகர்: பங்குதாரர்களில் ஒரு பிள்ளைக்கு 15 வயது. சமரசம் செய்யலாமா?

பதில்: செய்யலாம், ஆனால் அதே சட்டத்தின் 32ஆம் கட்டளை 7ஆம் விதிப்படி நீதிமன்ற அனுமதி வேண்டும். அது இல்லாத சமரசத்தை அந்தப் பிள்ளை தரப்பில் ரத்து செய்யக் கேட்கலாம்.

மயிலாடுதுறை வாசகி: கட்டிய நீதிமன்றக் கட்டணம் திரும்பி வருமா?

பதில்: வரும். மக்கள் நீதிமன்றத்தில் முடித்தாலும் வரும். தரப்பினர் தாங்களே வெளியில் பேசி முடித்தாலும் திருப்பித் தர வேண்டும் என்று, சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன வழக்கில் 2021இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. சமரச மனுவிலேயே அதையும் கேட்டுவிடுங்கள். வழக்கில் இல்லாத நிலத்தை சமரசத்தில் சேர்த்தால் மட்டும், அந்தத் தீர்ப்பாணையைச் சார்பதிவாளரிடம் பதிவு செய்ய வேண்டியிருக்கும்.