பாட்டி பேசும்போது வயலின் வேண்டுமா?

கேள்வி: சேர்வராயன் மலைக் காப்பித் தோட்டத் தொழிலாளர்களைப் பற்றிய 26 நிமிடத் தொலைக்காட்சி ஆவணப்படத்துக்கு இசையமைத்திருக்கிறேன். பழம் பறிக்கும் ஒரு பாட்டி, கணவரை இழந்த கதையைக் கண் கலங்காமல் சொல்லும் காட்சிக்கு வயலினும் புல்லாங்குழலும் சேர்த்து ஒரு மெட்டு அமைத்தேன். இயக்குநர் அதை முழுவதும் நீக்கச் சொல்கிறார். விட்டுக்கொடுக்கலாமா?
– இளம் இசையமைப்பாளர், அம்மாபேட்டை, சேலம்.

பதில்: அன்புள்ள தம்பி, இரவெல்லாம் கண்விழித்து அமைத்த மெட்டை எடுத்துவிடச் சொன்னால் யாருக்கும் மனம் நோகும். ஆயினும் இயக்குநர் கேட்பது சரியென்றே எனக்குப் படுகிறது.

பேச்சின் மெய்யெழுத்துகள் தெளிவாகக் கேட்பதற்குப் பெரிதும் உதவுவது 1,000 முதல் 4,000 ஹெர்ட்ஸ் வரையிலான ஒலிப்பகுதி. வயலினும் புல்லாங்குழலும் அங்கேயும் வலுவாக ஒலிப்பவை என்பதால், ஒலியளவைக் குறைத்தாலும் அவை பாட்டியின் சொற்களோடு மோதவே செய்யும். வீட்டுத் தொலைக்காட்சியின் சிறிய ஸ்பீக்கரில் அது இன்னும் உறுத்தும். அதைவிடப் பெரிய காரணம் ஒன்று உண்டு. அவர் அழாத இடத்தில் உங்கள் வயலின் அழுதால், பார்ப்பவர் அவருடைய உறுதியைக் காணாமல் அவருக்காகப் பரிதாபப்படத் தொடங்கிவிடுவார். தம் துயரத்தை எப்படிச் சொல்வது என்று அவர் எடுத்த முடிவை மாற்றும் உரிமை நமக்கு இல்லை என்பதை நான் உறுதியாக நம்புகிறேன்.

எனவே அந்தக் காட்சியில் அவர் குரலையே பாட்டாகக் கொள்ளுங்கள். ஏதேனும் வேண்டும் என்று இயக்குநர் கேட்டால், பாட்டி பேசும் சுருதியோடு இணங்கும் தம்புராவை மிகத் தாழ்வாக வையுங்கள், அது போதும். அவர் பேசி முடித்த பிறகும் உடனே இசைக்குள் நுழையாமல், களத்தில் காயும் காப்பியைக் கிளறும் ஓசைக்குச் சில நொடிகள் இடம் கொடுங்கள்.

மெட்டைத் தூக்கி எறிய வேண்டியதில்லை. ஏற்காட்டுக்கு ஏறும் 20 கொண்டை ஊசி வளைவுகளைப் படம் பிடித்திருந்தால், பேச்சில்லாத அந்த இடத்தில் அதற்கு மூச்சுவிட இடம் கிடைக்கும். நம் தொலைக்காட்சி நொடிக்கு 25 ஃபிரேம், அதாவது 25 தனிப்படங்கள் என்ற கணக்கில் ஓடுவதால், நிமிடத்துக்கு 75 தாளத் தட்டு என்று வேகத்தை வைத்தால் தட்டுக்குச் சரியாக 20 ஃபிரேம் வரும். படத்தொகுப்பாளர் வளைவுக்கு வளைவு காட்சியை வெட்டுவதற்கு அது வசதி. ஒவ்வொரு கருவியையும் தனித்தனி ஒலித்தடமாகக் கொடுத்துவிடுங்கள். வயலினை மட்டும் எடுக்க நேர்ந்தால் மற்றவை அப்படியே நிற்கும்.