கடந்தால் தேதி ஒரு நாள் மாறும் கற்பனைக் கோடான தேதிக்கோடு, பசிபிக் தீவு நாடான கிரிபாட்டி அருகே ஏன் இவ்வளவு கிழக்கே துருத்திக்கொண்டிருக்கிறது?

புத்தாயிரத்தை முதலில் வரவேற்கச் செய்த சுற்றுலாத் தந்திரம் என்று பலர் சொல்வார்கள். அந்த ஆதாயமும் கிடைத்தது. ஆனால் அடிப்படைச் சிக்கல் அலுவலக வேலை.

1979-ல் விடுதலை பெற்ற கிரிபாட்டியில் கில்பர்ட், ஃபீனிக்ஸ், லைன் என மூன்று தீவுக்கூட்டங்கள். தேதிக்கோடு நாட்டின் நடுவே ஓடியது. கோட்டுக்கு மேற்கே இருக்கும் தலைநகர் தெற்கு தராவாவில் திங்கட்கிழமை அலுவலகம் திறந்தால், கிழக்கே லைன் கூட்டத்தைச் சேர்ந்த கிறிஸ்துமஸ் தீவில் ஞாயிறு விடுமுறை. அங்கே வெள்ளிக்கிழமை வேலை நடக்கும்போது இங்கே சனி. ஆக, வாரத்தில் இரு பக்கமும் சேர்ந்து வேலை பார்க்க நான்கே நாள்.

1995 ஜனவரி 1 முதல் அதிபர் தெபுரோரோ திட்டோவின் அரசு கிழக்குத் தீவுகளை மேற்குத் தேதிக்கு மாற்றியது. அந்தத் தீவுகளின் நாள்காட்டியில் ஒரு நாள் காணாமல் போனது. யாரிடமும் அனுமதி வாங்கவில்லை, வாங்கவும் தேவையில்லை. தேதிக்கோட்டை எந்த ஒப்பந்தமும் வரையறுக்கவில்லை, தன் நேரத்தை அந்தந்த நாடே முடிவு செய்யும்.

இப்போது லைன் தீவுகள் கிரீன்விச்சைவிட 14 மணி நேரம் முன்னால். ஹவாய் 10 மணி நேரம் பின்னால். அதனால் இரண்டு இடத்திலும் கடிகாரம் ஒரே மணி காட்டும், தேதி மட்டும் ஒரு நாள் வேறு. விமான டிக்கெட் போடுபவர்கள் ஏமாறுவது இங்கேதான்.