பெண் மானுக்குத் தனிப்பெயர் உண்டா?

உண்டு. தமிழில் அது பிணை. இன்று செய்தித்தாளில் 'பிணை' என்றால் ஜாமீன்தான் நினைவுக்கு வருகிறது, மான் பின்வாங்கிவிட்டது!

பழைய இலக்கண நூலான தொல்காப்பியத்தின் மரபியல் பகுதி இதில் மிகவும் கறார். புல்வாய், நவ்வி, உழை என்ற மான் வகைகள், கவரி ஆகிய நான்கின் பெண்ணைப் பிணை என்கிறது. புல்வாய்க்குப் பிணவு என்றும் ஒரு பெயர் தருகிறது. அதே பெயர் பன்றிக்கும் நாய்க்கும் உரியது. ஆண் மானுக்குக் கலை, இரலை. திருக்குறளின் 'பிணையேர் மடநோக்கு' பெண்மானின் பார்வையைத்தான் சொல்கிறது. இதையெல்லாம் விட்டுவிட்டு 'பெண் மான்' என்று ஒட்டவைத்துப் பேசுவது நம் சோம்பல் என்பேன்.

பெண் மானுக்கு டோ (doe), ஹைண்ட் (hind) என ஆங்கிலத்தில் ஏன் இரண்டு பெயர்கள் என்றும் கேட்டிருக்கிறீர்கள். இரண்டுமே பழைய ஆங்கிலச் சொற்கள். டோவின் பழைய வடிவம் 'டா'. செம்மானின் (red deer) பெண் ஹைண்ட். ஃபேலோ மான் (fallow deer), ரோ மான் (roe deer) போன்றவற்றின் பெண் டோ. ஹைண்ட் என்பதற்குக் 'கொம்பில்லாதது' என்று பொருள் கொள்ளும் வேர்ச்சொல் விளக்கம் ஒன்று உண்டு. பொருத்தமாகத்தான் இருக்கிறது: செம்மானில் ஆணுக்கு மட்டுமே கொம்பு.

மூஸ், எல்க் போன்ற பெரிய மான் இனங்களில் பெண்ணைப் 'பசு' (cow) என்றும் ஆணைக் 'காளை' (bull) என்றும் ஆங்கிலத்தில் சொல்வார்கள். கால்நடைப் பெயர்களை அப்படியே எடுத்து வைத்துவிட்டார்கள். பனிமானின் (reindeer) பெண்ணும் பசுதான். ஆனால் அதற்குக் கொம்பு முளைக்கும். மான் குடும்பத்தில் பெண்ணுக்கும் வழக்கமாகக் கொம்பு இருப்பது அந்த ஓர் இனத்தில்தான்.