ஜங் சோ-கியோங்: ஒரு திரைக்கதை ஆசிரியரைப் பற்றிச் சில கேள்விகள்

கேள்வி: இயக்குநர் பார்க் சான்-வூக்கின் படங்களில் ஜங் சோ-கியோங் என்ற பெயரைத் தொடர்ந்து பார்க்கிறேன். அவர் யார்?

பதில்: 1975இல் பிறந்த தென்கொரியத் திரைக்கதை ஆசிரியர். கொரிய தேசியக் கலைப் பல்கலைக்கழகத்தில் பயின்றவர். 2005இல் வந்த 'லேடி வெஞ்சன்ஸ்' தொடங்கி 'தர்ஸ்ட்' (2009), 'தி ஹேண்ட்மெய்டன்' (2016), 'டிசிஷன் டு லீவ்' (2022) உட்பட ஐந்து படங்களை பார்க்குடன் இணைந்து எழுதியிருக்கிறார்.

கேள்வி: ஒருவர் கதை, மற்றவர் வசனம் என்று பிரித்துக்கொள்வார்களா?

பதில்: இல்லை. ஒரே கணினியில் இரண்டு திரைகளையும் இரண்டு விசைப்பலகைகளையும் இணைத்துக்கொண்டு இருவரும் ஒரே பக்கத்தில் எழுதுகிறார்கள். ஒருவர் தட்டிய வரியை மற்றவர் அந்தக் கணமே திருத்தலாம் என்பதால், முடிந்த பிரதியில் எந்த வரி யாருடையது என்று நாம் பிரித்துச் சொல்ல முடியாது.

கேள்வி: அவர் வந்த பிறகுதான் பார்க்கின் படங்களில் பெண்கள் மையத்துக்கு வந்தார்கள் என்கிறார்களே?

பதில்: உண்மைதான், ஆனால் அதோடு நிறுத்திக்கொள்வது அவருக்குச் செய்யும் அநீதி என்பேன். அந்தப் பெண்கள் எப்படிப் பேசுகிறார்கள் என்று கவனியுங்கள். 'லேடி வெஞ்சன்ஸ்' தொடக்கத்தில், பதின்மூன்று ஆண்டுச் சிறைவாசம் முடிந்து வரும் நாயகி கும்-ஜாவிடம், இனித் தூய்மையாக வாழ வேண்டும் என்பதற்கு அடையாளமான வெள்ளை டோஃபுவை (சோயா பாலில் செய்யும் கட்டி) போதகர் ஒருவர் தட்டில் வைத்து நீட்டுகிறார். அவள் தட்டைக் கவிழ்த்துவிட்டு, "நோனா சால்ஹாசேயோ" என்கிறாள். 'நோ' என்பது 'நீ'. வினையோ மரியாதை விகுதியில் முடிகிறது. "நீ முதலில் ஒழுங்காக இருங்கள்" என்று நம் மொழியில் சொன்னால் அந்த அவமதிப்பு அப்படியே வந்துவிடுகிறது. ஆங்கில வசன வரிகளில் இதற்கு வழியே இல்லை.

கேள்வி: தொலைக்காட்சிக்கும் எழுதியிருக்கிறாரா?

பதில்: ஆம். ஜப்பானியத் தொடரைத் தழுவிய 'மதர்' (2018), 'லிட்டில் விமன்' (2022) ஆகியவை அவர் எழுதியவை.

கேள்வி: 'டிசிஷன் டு லீவ்' பார்த்தேன், காதல் எங்கே சொல்லப்படுகிறது என்றே பிடிபடவில்லை. எதைத் தவறவிட்டேன்?

பதில்: ஒரு சொல்லை. நாயகி சோ-ரே சீனப் பெண். கொரிய மொழியைப் பிற்பாடு கற்றவள். சந்தேகத்துக்குரியவளான அவளைக் காப்பாற்றுவதற்காகத் தன் கடமையைக் கைவிட்ட துப்பறிவாளர் ஹே-ஜுன், தான் முற்றிலும் 'புங்க்வே' ஆகிவிட்டதாகச் சொல்லி, குற்றத்துக்குச் சான்றான கைப்பேசியை யாரும் கண்டெடுக்க முடியாதபடி ஆழ்கடலில் எறியச் சொல்லிவிட்டுப் போகிறார். கட்டடம் சரிவதற்குச் சொல்லும் அச்சொல்லை அறியாத சோ-ரே, அகராதியில் தேடி 'இடிந்து நொறுங்குதல்' என்று படிக்கிறாள். நேர்மையையே பெருமையாகக் கொண்ட மனிதர் தனக்காக இடிந்துபோனார் என்றால், அவளைப் பொறுத்தவரை அதுதான் காதல் மொழி. பின்னர் அவள் இதைச் சொல்லும்போது, "நான் எப்போது உன்னைக் காதலிப்பதாகச் சொன்னேன்?" என்று அவர் கேட்கிறார். அந்தக் கேள்வி வரும் இடத்திலிருந்து படத்தை மறுபடி பாருங்கள்.